வடக்குச் சத்தத்துக்கு நாங்கள் படுப்பதில்லை

"படுங்கோ! எல்லாரும் படுங்கோ!"

யேசுதாசன் அண்ணை கத்துகிறார். வீதியோரத் தண்ணீர் ஓடும் கானுக்குள் விழுகிறோம். மன்னார்க் கரையோர வீதி. வடக்கே ஓடிக்கொண்டிருக்கிறோம். விடிந்து கொஞ்ச நேரம்தான்.

தெற்கே, ஆமி நின்ற பக்கம், டும் என்றது. ஷெல் கிளம்பும் அந்தச் சத்தத்தைக் குத்து என்போம். குத்துக் கேட்டால் படுக்க வேண்டும். ஷெல் வயலுக்குள் விழுந்தது. ஒரு மாடு செத்தது.

பிறகு வடக்கே ஒரு குத்து. பனங்கூடலுக்குப் பின்னால். கிட்ட. அதற்கு நாங்கள் படுப்பதில்லை. அது தலைக்கு மேலால் தெற்கே போவது. எங்கள் பக்கத்துச் சத்தம். குழந்தைகள்கூடக் காது பொத்தாது.

அண்ணையின் மனைவி ரீத்தம்மா அக்கா இன்னும் கானுக்குள் கிடந்தா. நான் கத்தினேன்.

"எழும்புங்கோ அக்கா! அது எங்கட! ஓடுங்கோ!"

"எங்கட எண்டா அதுக்கு எங்களைத் தெரியுமோடா?"

சொல்லிக்கொண்டே எழும்பினா. வீதியில் ஏறினா. அந்த ஷெல் தெற்கே போகவில்லை. எட்டாமல் குறைந்து விழுந்தது. வீதியில்.

நான் மலையகத்தில் பிறந்தவன். ஐந்தாம் வகுப்புவரை படித்தவன். கூலிக்கு அலைந்து வந்தவனுக்கு அக்கா சோறு போட்டவ.

நாங்கள் தங்கிய கோயிலுக்கு ஒரு பத்திரிகைக்காரர் வந்தார். அக்காவைக் கொன்ற ஷெல் எங்கிருந்து வந்தது என்றார். சுற்றி நின்ற சனம் என் வாயைப் பார்த்தது. தெற்கிலிருந்து என்றேன். அவர் இரண்டாவது கேள்வி கேட்கவில்லை. அண்ணை தலையைக் குனிந்தார். அப்படியே அச்சில் வந்தது. தெற்குப் பக்க வானொலி வடக்கு ஷெல்லை மட்டும் சொன்னது. அவர்களின் செய்தியில் தெற்கே குத்தே கேட்கவில்லை.

இப்போது அண்ணை தலைமன்னாரில் கிழிந்த வலை பொத்துகிறார். போன கிழமை ஒரு செய்தியாளர் பிள்ளை வந்தது. அண்ணை எனக்கு ஆள் அனுப்பினார்.

"அவ எப்பிடிச் செத்தவ எண்டு இண்டைக்காவது சரியாச் சொல்லடா. செத்தவளைப் பொய்யுக்குள்ள வைச்சிருக்கேலாது."

இரண்டு குத்தையும் சொன்னேன். பிள்ளையின் பேனை நின்றது.

"எதைத் தலைப்பாப் போடுறது? எதைப் போட்டாலும் ஒரு பக்கம் தூக்கிக்கொண்டு ஓடும்."

நான் எண்ணிக்கையை மட்டும் சொன்னேன்.

தெற்கிலிருந்து ஒன்று. செத்தது மாடு.

வடக்கிலிருந்து ஒன்று. செத்தது ரீத்தம்மா. வயது முப்பத்தொன்று.

எழும்பச் சொன்ன வாய் ஒன்று. அது என்னுடையது. அதையும் போடுங்கோ பிள்ளை.