தோள் உயரம்

அக்கா: கேமராவ ஏன்டா துண்டுல சுத்தி வச்சிருக்க?

தம்பி: குளிச்சிட்டு வந்திருக்கு.

அக்கா: ஏரியில போட்டுட்டியா?

தம்பி: போடல. கரையோரச் சேத்துல பெரிய ஸ்டாண்ட நிறுத்திட்டு... கொஞ்சம் கண்ண மூடினேன்.

அக்கா: தூங்கிட்ட.

தம்பி: ஆவணப்படம் எடுக்கிறவங்க தூங்க மாட்டாங்கக்கா, சிந்திப்பாங்க. சிந்திச்சு முடிக்கறதுக்குள்ள அது தானா இறங்கிப் போயிடுச்சு. நல்லவேளை, மெமரி கார்டு பொழச்சுது. உக்காரு, எடுத்தத புரொஜெக்டர் வச்சு சுவத்துல ஓட்டறேன்.

அக்கா: எனக்கு வேலை கிடக்கு...

தம்பி: ஊர விட்டுக் கிளம்பின அன்னிக்கு அப்பா என்னத் தோள்ல தூக்கிட்டு இந்தக் கரையோரமாத்தான நடந்தாரு? அதே உயரத்துலதான் கேமராவ வச்சேன். நம்மள பஸ் ஏத்தி விட்டவரு அப்புறம் வரவே இல்ல. அவருகிட்டேருந்து எனக்கு மிச்சம் அந்த நடை மட்டும்தான். அதுலதான் படமே ஆரம்பிக்குது. பின்னணியில நீ ஒரு வரி பேசினா போதும்.

அக்கா: பேச மாட்டேன்னு சொல்லிட்டேன்ல. என் குரலே மூக்கடைச்ச குரல்.

தம்பி: அதான் வேணும். பாக்கறவங்க எல்லாரும் அழுதுடுவாங்க. இந்தா, ஓடுது பாரு.

அக்கா: ...பனியா அது?

தம்பி: பனிதான். தண்ணி எது, வானம் எதுன்னே தெரியல பாரு.

அக்கா: கனவுல நடக்கற மாதிரி இருக்குடா.

தம்பி: அழகாத்தான் இருக்கு. ஆனா அன்னிக்கு நான் பார்த்தது இது இல்லக்கா... இரு, இங்கதான் ஸ்டாண்டு இறங்குது.

அக்கா: கரை மேல போகுதே.

தம்பி: நாம கீழ போறோம். மெல்ல... மெல்ல... இங்க நிறுத்தறேன்.

அக்கா: ஏன்?

தம்பி: இதுதான்க்கா. கோரை நுனி கண்ணுக்கு நேரா. இடையில தண்ணி மினுங்குது. அப்படியே இதத்தான் பார்த்தேன்.

அக்கா: சரி, இதையே போட்டுக்க. எந்திரி, லைட்டப் போடு.

தம்பி: அப்பா நிலைப்படியில குனிஞ்சுதான் நுழைவாருன்னு அம்மா சொல்லுவாங்க. அவ்வளவு உயரமான ஆளு தோள்ல உக்காந்தா, கோரை என் முட்டிக்கே எட்டாதே.

அக்கா: குனிஞ்சு நடந்திருப்பாரு.

தம்பி: ஏரிக்கரை முழுக்கவா?

அக்கா: சின்னப் பய நீ. அரைத் தூக்கம் வேற. உனக்கென்ன ஞாபகம் இருக்கும்...

தம்பி: மூச்சு வாங்கின சத்தம் ஞாபகம் இருக்கு. நடுநடுவுல இறக்கி விட்டு, மறுபடி தூக்கினது ஞாபகம் இருக்கு. என்னத் தூக்கவா அப்பாவுக்கு அவ்வளவு மூச்சு வாங்கும்?

அக்கா: விடுடா, நானே போய் லைட்டப் போடறேன்.

தம்பி: சொல்லுக்கா. மைக் போடல. படத்துக்காகக் கேக்கல.

அக்கா: அப்பா வரலடா. முந்தின நாளே நம்மள விட்டுட்டுப் போயிட்டாரு. அம்மா மூட்டையோட முன்னாடி நடந்தாங்க. உன்ன முதுகுல தூக்கினது நான்தான். என் கழுத்தக் கட்டிக்கிட்டு, வழி பூரா 'அப்பா... அப்பா'ன்னு கூப்பிட்டுக்கிட்டே வந்த. நான் 'ம்... ம்'னு சொல்லிக்கிட்டே நடந்தேன்.