குவைத்துச் சீஸும் கல்முனைத் தேசிக்காயும்

இரிகா கனகேஸ்வரி, இரி! தயிர்ச் சட்டிய எறக்கி வெச்சிட்டு அந்தப் படியில குந்து. வாயத் தொறக்காத... ஒண்டும் கேக்காத. நான் கதைக்கிறன், நீ கேட்டுக்கிட்டு இரி. என்ன, பஸ்ஸா? வீரமுனைக்கு அந்த ஒரு பஸ்ஸுதான் ஓடுதாக்கும்? அது போனா மத்தது வரும். நான் இந்த வாசல உட்டு எழும்பினா என்ட மருமகன் போயிருவாரு, அவரு போனா வரமாட்டாருகா!

மெதுவாச் சிரி. உள்ளுக்கதான் இரிக்காரு. அந்தா, அந்தப் பூப்போட்ட சீல தொங்குதே, அதுக்கு அங்கால அறையில. விடியக்காலத்தால கட்டிலுக்குக் கீழ இரிந்து சூட்கேஸ இழுத்த சத்தம் கேட்டிச்சி... கிறீ...ச்! என்ட நெஞ்சிலயே இழுத்த மாதிரி. குவைத்தால வந்து லீவு இன்னம் முடியல்ல. மறுகா பெட்டி என்னத்துக்கு? மருதமுனைக்குத்தான்! உம்மாட ஊட்ட போகத்தான்! எங்கட ஆக்கள்ல மாப்புளதான் பொண்ணுட ஊட்ட வந்து இரிக்கிற, ஒனக்குத் தெரியுந்தானே. வந்த மாப்புள பெட்டியோட கிறுகித் திரும்பிப் போனா ஊரு சும்மா உடுமா? இந்தப் பக்கத்து ஊட்டுக் கைருன்னிஸா இரிக்காளே, மூக்க உறிஞ்சி உறிஞ்சிச் சொல்லுவா... "ம்ஹ்ம்... ஜுனைதா ராத்தாட ஊட்ட... ம்ஹ்ம்... மாப்புளைக்குச் சோறு போடல்லயாம்கா... ம்ஹ்ம்..." அப்பிடியே சந்த மட்டும் போயிரும் கத. என்ட மகள் ஸுல்பிகா பொறகு எந்தக் கலியாண ஊட்ட தல நிமித்திப் போற?

இந்தா! இருமுறாரு. கேட்டியா?

அது சளி இருமலில்ல புள்ள. அது எனக்கு. எங்களுக்குள்ள மாமியும் மருமகனும் மொகத்துக்கு மொகம் பாத்துக் கதைக்கிறல்ல. மகளக் கட்டிக் குடுத்த நாள்ல இரிந்து நான் அவரோட ஒரு சொல்லுக் கதைக்கல்ல, அவரும் என்னோட கதைக்கல்ல. அவரு கடப்படியில நிண்டு ஒருக்கா இருமுவாரு. நான் முக்காட்ட இழுத்துக்கிட்டு ஓடிச் சீலைக்கு அங்கால நிப்பன். அவரு வருவாரு, போவாரு, திம்பாரு. அவர்ர காலடியத்தான் எனக்கு நல்லாத் தெரியும். செருப்புக் கழட்டுற சத்தத்திலயே ஆளுட மனசு சொல்லுவன் நான். இப்ப இருமுறாரே, "மாமி எழும்பிப் போங்க, நான் வெளிய போகணும்" எண்டு அர்த்தம்.

எழும்பமாட்டன். இருமட்டும். மாமிய மிதிச்சிக்கிட்டா போவாரு? மாட்டாரு. தங்கமான மனுசன். (சத்தமாத்தான் சொல்லுறன், கேக்கட்டும்!) தங்கம்கா, தங்கம்! பின் வேலியாலயா? பெட்டியத் தூக்கிக்கிட்டுப் பின் வேலியால பூர்றதுக்கு அவரென்ன கோழிக் கள்ளனா?

எல்லாம் அந்த டின் செஞ்ச வேல.

என்ன டின்னா? சீஸ் டின். நீலக் கலர். சீஸ் தெரியாதா ஒனக்கு? பால்ல செய்ற சாமான்தான். ஒன்ட தயிருக்குத் தங்கச்சி எண்டு வெச்சிக்க, கொஞ்சம் நாத்தம் புடிச்ச தங்கச்சி. மருமகன் அங்க பெரிய ஹோட்டல்ல குசினி வேல. வெள்ளக்காரன் வந்து திங்கிற இடம். அதுல ராவு ராவா இவரு என்ன செய்றாரெண்டா, உருளக்கெழங்க நீட்டு நீட்டாப் பொரிச்சி, அதுக்கு மேல சீஸ உருக்கி ஊத்தி, அதுக்கு மேல கொத்தின எறச்சியும் போட்டு, பச்சக் கொச்சிக்காயும் வெங்காயத் தாளும் தூவி... சீஸ் சிப்ஸு. மேசைக்குப் போகுமாம், வெறும் பீங்கான் திரும்பி வருமாம். இவருக்கு அதுல இரிந்து திங்கிறதுக்கு நேரமும் இல்ல, கதிரையும் இல்ல. "ஒருநாளைக்கு எங்கட ஊட்ட இத நானே செஞ்சி, நானே இரிந்து திம்பன்" எண்டு ஸுல்பிகாக்கிட்ட சொல்லியிரிக்காரு. அதுக்காவத்தான் அந்த டின்னச் சாறனுக்குள்ள சுத்திக் கொண்டாந்த.

இப்ப நீயே சொல்லு. மருமகன குசினிக்குள்ள உட்டு அடுப்பு ஊத வெக்கிற குடும்பமா இது? மாப்புள கரண்டி புடிச்சாரெண்டு தெரிஞ்சா நான் மவுத்தாப் போனாலும் சொல்லிக் காட்டுவாங்க. "நீங்க ஒண்டும் ஆக்க வேணாம், எப்பிடியெண்டு மட்டும் சொல்லுங்க" எண்டு மகளுட வாயால கேட்டன். நான் சீலைக்கு இந்தப் பக்கம், அவரு அந்தப் பக்கம், நடுவுல ஸுல்பிகா. அவர்ர கதையும் ஒரு கதையா? பள்ளிக்குள்ள ஓதுற மாதிரி... இப்பிடித்தான், பாரு... "கெழங்க... விரலளவு... வெட்டணும்." அவ்வளவுதான்! விரலளவு எண்டா யார்ர விரல்? என்ட விரலப் பாரு, வெண்டிக்கா மாதிரி. மகளுட விரல் பயத்தங்கா. சண்ட வருமா வராதா?

"பச்சத் தண்ணியில... ஊறப் போடணும்." சரி. "சீலையால... தொடைக்கணும்." கெழங்கக் குளிப்பாட்டித் தொடைக்கிறதாம், புள்ளப் பெத்த ஊடு மாதிரி! சரி, அதுவும் செஞ்சன். "ஒருக்காப் பொரிச்சி எடுத்து... ஆறினாப் பொறகு... இன்னொருக்காப் பொரிக்கணும்." அடியே, ஒருக்காப் பொரிச்ச கெழங்கு என்ன குத்தம் செஞ்சிச்சி? எண்ண குடிக்குமெண்டு ஒருக்காவோட எறக்கிட்டன். ஓம், எறக்கிட்டன். அதுக்கென்ன?

சீஸ் எப்பிடி உருக்கிற எண்டு மட்டும் கேக்கல்ல. என்னத்துக்குக் கேக்க? பால்ல செஞ்ச சாமானெண்டா பாலாணம், தேங்காப்பால் கறி, அது மாதிரித்தானே ஆக்கணும்? தேங்காப்பாலப் புழிஞ்சி அடுப்புல வெச்சி, சீஸ உதுத்துப் போட்டன். நல்லாத்தான் கரைஞ்சிச்சி. என்ன வடிவு தெரியுமா? கலர்தான் கொஞ்சம் பத்தல்ல, ஒரு சிட்டிக மஞ்சள் போட்டன். மணத்துக்கு றம்ப எல ஒரு துண்டு. மறுகா எறக்கி வெச்சி, பாலாணத்துக்கு எப்பிடி முடிக்கிற? கல்முனைச் சந்தையில வாங்கின தேசிக்காய அறுத்து ஒரு புளி...

ஏங்கா தலையில கை வெக்கிற?

ஓம், நீ பால்காரி, ஒனக்குத் தெரியும். எனக்குத் தெரியுமா? கைப் பழக்கத்துல புளி உட்டாச்சி. ஒரு நிமிசம் சும்மா இரிந்திச்சி, பொறகு... யா றப்பி! தண்ணி ஒரு பக்கம், கட்டி ஒரு பக்கம். கரண்டியத் தூக்கினா சட்டியும் சேந்து வருது! மழையில ஊறின றப்பர்ச் செருப்புத் தோத்துப் போகும். அப்பயும் நான் உட்டனா? கெழங்குக்கு மேல ஊத்தி, எறச்சியப் போட்டு, ஜும்ஆக்குப் போன மனுசன் வந்து ஆறினதத் திங்கக் கூடாதெண்டு மூடியப் போட்டு இறுக்கி மூடி வெச்சிட்டன். சூடு நல்லாத்தான் இரிந்திச்சி. கெழங்குதான் உள்ளுக்கயே வேர்த்து, களி மாதிரிப் போச்சி. ஸுல்பிகா சொல்லியிரிக்கலாந்தானே, "மூடாதீங்க உம்மா" எண்டு? சொன்னாள். ஆனா சொல்ற மாதிரிச் சொல்லல்ல.

அதோட போயிருக்கும், எங்களுக்குள்ள தின்னு முடிச்சிருப்பம். பள்ளியால வரக்குள்ள மருமகன் ஆரக் கூட்டிக்கிட்டு வாறாரு? கூட்டாளி மக்கீன! வாயத் தொறக்காத மனுசன், சீவியத்துல ஒருக்கா வாயத் தொறந்து, "வாடா, எங்கட ஊட்ட வா, குவைத்துச் சாப்பாடு தரன்" எண்டு கூப்பிட்டிரிக்காரு. அதுவும் என்ட சமையலுக்கு!

மக்கீன் மரியாதக்காரன். பிஸ்மி சொல்லி ஒரு கெழங்கத் தூக்கினான். கெழங்கு வருது, சீஸ் வருது, வருது, வருது... கை தலைக்கு மேல போச்சி, அது இன்னம் அறுபடல்ல! மக்கீன் எழும்பியே நிண்டுட்டான் கா! மருமகனா? டின்னத்தான் பாத்தாரு. நான் வெறும் டின்னக் கழுவி, வடிவா இரிக்கிற எண்டு நடுமேசையில பூ வெச்சி வெச்சிரிந்தன்.

அதுக்கும் அவரு கோவப்படல்ல. சத்தியமா. ஒரு துண்டு எடுத்துத் திண்டாரு. மென்டாரு... மென்டாரு... இந்தா, இப்பிடி, மாடு அச போடக்குள்ள தூரத்த பாக்குமே, அப்பிடி. நான் சீல ஓட்டையால பாத்துக்கிட்டு நிண்டன். குசினியில கைருன்னிஸா, அவட மகள், இன்னம் ரெண்டு பொண்டுகள், எல்லாரும் "என்னவாம், என்னவாம்" எண்டு கேக்குறாளுகள். கேட்டா நான் சும்மா இரிப்பனா? செஞ்சி காட்டினன். இப்பிடி மென்டு, கண்ண மேல சொருகி, அவர்ர குரல்ல... "ஸுல்பிகா... இது... எங்கட ஹோட்டல்ல... கதவுக்கு... ஒட்டுற சாமான்..." சிரிச்சாளுகள் பாரு, கைருன்னிஸா மூக்க உறிஞ்ச மறந்து சிரிச்சாள்! ஹோல்ல ஆருட சத்தமும் இல்ல. அதுதான் வெனயாப் போச்சி. ஹோல்ல கொஞ்சம் கதைச்சிரிந்தா என்ன? அந்த மக்கீன் ஒரு கத சொல்லியிரிக்கலாந்தானே? அவன்ட பிழதான் அது. சீலைக்கு அங்கால எல்லாம் கேட்டிரிக்கி.

நேத்துப் பகல்ல இரிந்து வெறுந் தேத்தண்ணிதான். சோறு கொண்டு போனா "பசியில்ல" எண்டு சொல்லுறாராம். ராவு மகள் அழுதாள். நான் அவருக்குப் பகடி பண்ணினன், இல்லயெண்டல்ல. நான் ஆருக்குத்தான் பண்ணல்ல? ஒனக்கும் பண்ணுவன், நீ அங்கால போனதும். ஆனா...

ஆனா புள்ள, ரெண்டு வருசமா ஊரான்ட பீங்கானுக்கு ஆக்கிப் போட்ட மனுசன். தன்ட ஊட்ட ஒருநாள் இரிந்து திங்க ஆசப்பட்டாரு. அந்த டின்ன அவரு உம்மாக்குக் குடுக்கல்ல, கூட்டாளிக்குக் குடுக்கல்ல. இந்த ஊட்டத்தான் "எங்கட ஊடு" எண்டு கொண்டாந்தாரு. நான் அதுக்குத் தேசிக்காப் புழிஞ்சிட்டன். இத நான் எப்பிடிப் போய் அவருக்குச் சொல்லுற? சொல்லத்தான் வழியில்லயே எங்களுக்கு! அதாலதான் ஒன்னப் புடிச்சி வெச்சி, சத்தமாச் சொல்லிக்கிட்டு இரிக்கன். நீ கேக்கிற மாதிரி இரி, கேக்கிறவரு கேக்கட்டும்.

இரிகா! சட்டியத் தூக்காத. தயிர் முழுக்க நானே எடுக்கிறன், போதுமா? ஸுல்பிகா! அடியே ஸுல்பிகா! இந்தா கனகேஸ்வரி வந்து எவ்வளவு நேரம், ஒரு தேத்தண்ணி... எங்க போனாளோ. சத்தமே இல்ல.

இருமலயும் காணல்ல இப்ப. பாத்தியா? களைச்சிட்டாரு. என்னோட ஆரு இரிந்து ஏலும்? பெட்டிய மறுகா உள்ளுக்குத் தள்ளியிரிப்பாரு. நான் சொன்னனே...

ம்ம்ம்... ஆரு இந்நேரத்துல எண்ணச் சட்டி வெச்சிரிக்கிற? கைருன்னிஸாதான். அவளுக்கு விடிஞ்சா பொரியல், பொழுதுபட்டாப் பொரியல். ஆனா கா, நல்ல மணம் இல்லயா? மொறுமொறு எண்டு ஒரு மணம்... நான் பொரிச்ச கெழங்குல இப்பிடி மணம் வரல்லயே.

ஏங்கா என்ட முதுகுக்குப் பின்னால பாத்துப் பாத்துச் சிரிக்கிற? என்ன? ஆரு? நான் கிறுகமாட்டன்... கா, முக்காடு எங்க என்ட முக்காடு...

"மாமி. ஓடாதீங்க, இரிங்க. நான்தான்."

யா அல்லாஹ்! என்னோடயா கதைக்கிறாரு?

"ஒங்களோடதான் மாமி. போகத்தான் பெட்டிய இழுத்த நான். இருமி இருமித் தொண்டையும் போச்சி, நீங்க எழும்பல்ல. குசினிக்குப் போயிட்டன். இந்தாங்க, சூடாத் தின்னுங்க. இந்த அக்காக்கும் குடுங்க. சீஸ் எங்கால எண்டு பாக்குறீங்களா? டின் ரெண்டு கொண்டாந்த நான். ஒண்டு ஒங்கட கையாலதான் போகுமெண்டு குவைத்துல வெச்சே எனக்குத் தெரியும்."