மூணாவது பேஸ்மென்ட்டுக்குக் கீழே

— மூக்குலேர்ந்து கைய எடு சார்.

— முடியலைங்க பச்சைமுத்து. என்னங்க நாத்தம் இது!

— வாந்தி வந்தா எடுத்துடு, தப்பில்ல. மனசுல சீன்னு மட்டும் நெனைக்காத. நெனைச்சேன்னா கெட்டித் தரை கூழாப் பூடும். பாரு, இப்பவே உன் ஷூ உள்ள எறங்குது.

— ஐயையோ! பிடிங்க, பிடிங்க! வேண்டாம், தொட வேண்டாம், நானே நின்னுக்கறேன். காலுக்கடியில என்னங்க, வெதுவெதுன்னு அசையுது?

— நாக்கு சார். இந்த எடம் பூரா நாக்கு. காலைல நான் எறங்கும்போது ஆறுன பாலு மேல ஆடை கட்டுமே, அப்படி இருந்துச்சு. நேத்து பூரா பல்லு. வேளைக்கு ஒரு வேஷம் போடும்.

— கண்றாவி! ஆன்சைட்டுன்னு வெளிநாட்டுல ரெண்டு வருஷம் வாயைக் கட்டி வயித்தைக் கட்டி வைட்ஃபீல்ட்ல ஃப்ளாட் வாங்கினேங்க நான். மூணு பேஸ்மென்ட் பார்க்கிங்னு பெருமையா சொன்னான் அந்த பில்டர். கீழ இப்படி ஒரு கருமம் இருக்குன்னு சொன்னானா?

— அவனுக்கே தெரியாது சார். நம்ம உலகத்துக்கு அடியில இன்னும் ஆறு உலகம் கீது, டிபன் கேரியர் அடுக்காட்டம். ஒவ்வொரு அடுக்குக்கும் நடுவுல இந்தத் தளும்பல். ரெண்டு பேஸ்மென்ட்டோட வுட்டிருந்தா வம்பில்ல. மூணாவது தோண்டுனான், பொத்துக்கிச்சு.

— இதெல்லாம் உங்களுக்கு யார் சொன்னது?

— கீழ் அடுக்குக்காரன் ஒருத்தன். அவனும் அந்தப் பக்கத்துலேர்ந்து இத சுத்தம் பண்ண வந்தவன்தான். அங்கயும் எங்கள மாதிரி ஆளுங்களத்தான் எறக்கி வுடுறாங்களாம். ரெண்டு பேரும் சேந்து ஒரு பீடி புடிச்சோம்.

— பீடியா? இங்கயா? உவ்வே...

— சார், ஷூ! ஷூவப் பாரு! நெனைக்காதன்னு சொன்னேனா இல்லியா?

— சரி, சரி. நினைக்கலை. நீங்க எப்படிங்க இவ்வளவு சாதாரணமா நிக்கறீங்க?

— டிரெய்னேஜ் லீக்குன்னு சொல்லித்தான் மொதல்ல என்ன ஆஸ்டின் டவுன்லேர்ந்து கூட்டினு வந்தாங்க. இருவத்திரெண்டு வருஷமா மேன்ஹோல்ல எறங்குறவன் சார் நான். எனக்கு இது சிமென்ட்டு ரோடாட்டம் நின்னுச்சு. கூட வந்த இன்ஜினியரு கர்ச்சீப்ப மூக்குல வெச்சாரு, இடுப்பு மட்டும் பூந்துட்டாரு. அப்பத்தான் இதோட குணம் புரிஞ்சுது.

— அப்ப பிரபா? மூணு நாள் ஆச்சுங்க. கார் எடுக்கலாம்னு ரெண்டு பேரும் கீழ வந்தோம். ஸ்லாப் உடைஞ்சு என் கண்ணு முன்னாடியே உள்ள போனா. உயிரோட இருப்பாளா?

— நேத்துதான் பாத்தேனே, நல்லாத்தான் கீறாங்க. மேல போற ஓட்டை ஒரு எடத்துல நிக்க மாட்டேங்குது. நாம மேலேர்ந்து புடிச்சினு வந்த இந்தக் கயிறு இல்லாம வழி புடிக்க முடியாது, அதான் மாட்டினு கீறாங்க. நேத்தே தூக்கினு வந்திருப்பேன். நீதான் எட்ட நின்னு பாத்துட்டு வந்துடுன்னு சொல்லிட்ட.

— அது வந்து... தப்பா எடுத்துக்காதீங்க.

— சும்னே, சும்மா சொல்லு சார்.

— நீங்க பாக்குற வேலை அப்படி. அந்தக் கையால என் வொய்ஃபைத் தொட்டு... எனக்கு ஒரு மாதிரி இருந்துச்சு. நானே தூக்கிக்கறேன். அதுக்குத்தானே இந்த நரகத்துல இறங்கினேன்.

— பரவால்ல. உன் வூட்ல தண்ணி குடுத்தப்பவே பிளாஸ்டிக் கப்பத் தேடி எடுத்தியே, பாத்தேன். இதுக்கெல்லாம் சீன்னு நெனைச்சா எம் பொழப்பு ஓடுமா? நட, நட.

— அதோ! மஞ்ச சுடிதார்! பிரபா! நான்தான்! அர்ஜுனன்! வந்துட்டேன்!

— அண்ணா, உங்ககூட யாரு?

— உன் வூட்டுக்காரர்தாம்மா. யம்மா! இன்னாம்மா இது, கணுக்கால் உள்ள போவுது! நேத்து பாறையாட்டம் நின்ன எடமாச்சே!

— அவளுக்குக் கொஞ்சம் அருவருப்பு ஜாஸ்திங்க. பிரபா, கீழ பாக்காத! கண்ணை மூடிக்கோ! இதோ, கிட்ட வந்துட்டேன்!

— சார், நில்லு! நீ ஒரு எட்டு வெச்சா அந்தம்மா ஒரு சாண் எறங்குது! நில்லுன்றேன்ல! முட்டி போச்சு!

— கையை நீட்டு பிரபா!

— அன்னிக்கும் நீட்டினேனே. உங்க விரலைக்கூடப் பிடிச்சுட்டேன். என் கையைப் பாத்து மொகத்தைச் சுளிச்சு, உதறினீங்களே.

— இன்னா சார், நெஜமா? ஸ்லாப் உடைஞ்சு விழுந்தாங்கன்னு சொன்ன?

— ஸ்லாப்தாங்க உடைஞ்சுது. அப்புறம்... கை பூரா கோழை, அதுல என்னவோ நெளிஞ்சுது. யாரா இருந்தாலும் உதறியிருப்பாங்க. நீங்களே உதறியிருப்பீங்க.

— நான் உதற மாட்டேன் சார்.

— பிரபா, அதெல்லாம் வீட்ல போய்ப் பேசிக்கலாம். டெட்டால் போட்டுக் குளிச்சா எல்லாம் போயிடும். கையை நீட்டு, சொல்றேன்ல!

— அண்ணா, தொடை வரைக்கும் வந்துடுச்சு, சீக்கிரம். மூணு நாளா இந்தக் கோழையிலயும் பல்லுலயும் நாக்குலயும்தான் படுத்து எந்திரிச்சேன், ஒரு கால்விரல்கூட உள்ள போகலை. அவரைக் கயிறைப் பிடிச்சு மேல போகச் சொல்லுங்க. நீங்க மட்டும் வந்து என்னைத் தூக்குங்க.