கோல்பி ரெம்பலின் துவைக்காத பனியன்

கிரெய்ன்டன் ஊர்ப் பெருமக்களுக்கும், ஊர் வழியே போகும் லாரி ஓட்டுநர்களுக்கும், ஏரிக்கடியில் விறைத்துக் கிடக்கும் மீன்களுக்கும் இதனால் அறிவிப்பது என்னவென்றால், நம் ஊருக்குச் சொந்தமான பனியன் ஒன்று காணாமற்போய்விட்டது. நிறம், ஒரு காலத்தில் சாம்பல். அக்டோபர் மாதத்துக்குப் பின் தண்ணீரைக் கண்டதில்லை. தகவல் தெரிந்தவர்கள் மூக்கைப் பிடித்தபடி காவல் நிலையத்தை அணுகவும்.

இவ்வளவு எழுதியதும் கான்ஸ்டபிள் லாவலே எட்டிப் பார்த்து, "தம்பி, இது கல்யாணப் பத்திரிகை இல்ல, வாக்குமூலம். பேரு, வயசு, அட்ரஸ்னு முறையா எழுது" என்றார். பேனாவால் எழுதியதை அழிக்க முடியாததால் கீழே முறையாகத் தொடர்கிறேன்.

என் பெயர் நோலன் ஸ்டெஃபியுக். வயது பதினாறு. தானியக் கிடங்கில் வேலை பார்க்கும் டாரில் ஸ்டெஃபியுக்கின் மகன். சஸ்காச்சுவான் மாகாணம், கிரெய்ன்டன், ரயில்பாதைத் தெருவில் பெற்றோருடன் வசிக்கிறேன். ஊர் ஐஸ் ஹாக்கி அணியில் நான் மாற்று கோல்கீப்பர். ஆட்டக்காரர்கள் பெஞ்சிலிருந்து பனித்தளத்துக்கு இறங்கும்போது கதவைத் திறப்பதும் ஏறும்போது மூடுவதும் என் பணி. கதவு விஷயத்தில் என் மீது இதுவரை எந்தப் புகாரும் இல்லை. நான் வயது குறைந்தவன் என்பதால் என் அம்மா ஒலேனா பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறார். அவர் மடியில் பெரோகி, அதாவது உருளைக்கிழங்கு அடைத்த கொழுக்கட்டை, டப்பா இருக்கிறது. அது எனக்கானது அல்ல.

நான் அறிவியல் மனப்பான்மை உள்ளவன். மூடநம்பிக்கை இல்லாத ஒரே ஆள் இந்த ஊரில் நான்தான் என்பதை முதலிலேயே பதிவு செய்கிறேன்.

எங்கள் முதல் கோல்கீப்பர் கோல்பி ரெம்பல். என் வயதுதான். அக்டோபரில் அவன் வீட்டுத் துணி துவைக்கும் இயந்திரம் பழுதாகி, முந்தைய ஆட்டத்தில் போட்ட பனியனையே மறுபடி போட்டு ஆடினான், அணி வென்றது, அதன் பின் அவன் அதைத் துவைக்கவில்லை, அதன் பின் அணி தோற்கவும் இல்லை. அதன் பின் ஊரும் துவைப்பதை நிறுத்திவிட்டது. கோச் எல்லா ஆட்டத்துக்கும் அதே காலுறையில் வருகிறார். ஆண்கள் யாரும் தாடி மழிப்பதில்லை, கான்ஸ்டபிள் உட்பட. நான் எனக்கிருக்கும் ஏழெட்டு முடியையும் எதிர்ப்பாக மழித்துவிட்டேன், யாரும் கவனிக்கவில்லை. அரங்கின் கேன்டீனில் வேலை செய்யும் என் அம்மா முதல் வெற்றியன்று கோல்பிக்குப் பதினொரு பெரோகி வைத்தாராம். அதன் பின் ஒவ்வொரு ஆட்டத்துக்கும் பதினொன்று. பன்னிரண்டாவது வெந்துவிட்டால் அது எனக்கு.

அம்மா இந்த இடத்தில் குறுக்கிட்டு, "பொய் எழுதாதடா, உனக்கும் நல்லாத்தான் போடுறேன்" என்றார். "டப்பாவத் திறங்கம்மா, எண்ணிப் பார்ப்போம்" என்றேன். அவர் திறக்கவில்லை.

என் அப்பா முன்பெல்லாம் பெஞ்சுக்குப் பின்னால், எனக்கு நேர் பின்னால், உட்காருவார். சூரியகாந்தி விதை தின்று தோலை என் தொப்பி மேல் எறிவார். "கதவ நல்லாத் தொறக்குறடா, ஓட்டல்ல வேலைக்குச் சேரு" என்று கத்துவார். நவம்பரில் ஒரு நாள் பனிப்புயலில் தாமதமாக வந்தவர் இடம் கிடைக்காமல் கிழக்குக் கோடியில், கோல்பி காக்கும் கோலுக்குப் பின்னால் உட்கார்ந்தார். ஆட்டத்தின் முதல் பகுதியும் கடைசிப் பகுதியும் எங்கள் கோல் அந்தப் பக்கம்தான். அன்று கோல்பி ஒரு கோல்கூட விடவில்லை. அதன் பின் அப்பா அந்த இருக்கையை விட்டு நகரவில்லை.

அதன் பின் நான் அவரிடம், "அப்பா, நீங்க எங்க உட்கார்ந்திருக்கீங்கன்னு அந்த ரப்பர் வட்டுக்குத் தெரியுமா?" என்று கேட்டேன்.

"தெரியாதுதான்டா" என்றார். "ஆனா எதுக்கு வம்பு?"

பெஞ்சிலிருந்து பார்த்தால் அவர் தொப்பி ஒரு சிவப்புப் புள்ளியாகத் தெரியும். என் தொப்பி மேல் நவம்பருக்குப் பின் எதுவும் விழவில்லை.

ஆகவே ஒரு சோதனை நடத்தத் தீர்மானித்தேன். பனியன் இல்லாமலேயே கோல்பி ஜெயித்துவிட்டால் அது வெறும் துணி என்று நிரூபணமாகும், பனியன் பொய்யென்றால் இருக்கையும் பொய், அப்பா பழைய இடத்துக்கு வந்துவிடலாம். அதே ரகப் பனியன் ஒன்றை வாங்கி, அம்மாவின் வெள்ளரிக்காய் ஊறுகாய்ச் சாற்றில் ஊறவைத்து, காயவைத்து, அதன் பின் ஒரு வாரம் எங்கள் நாயை அதன் மேல் படுக்கவைத்தேன். கடைசி இரண்டு நாள் நாயே படுக்க மறுத்தது. அதிலிருந்து என் வேலைத் தரத்தை அறியலாம்.

சென்ற செவ்வாய்க்கிழமை அரையிறுதி ஆட்டத்துக்கு முன் எல்லோரும் வார்ம்-அப் ஓடப் போயிருந்தபோது கோல்பியின் பையில் பனியனை மாற்றிவைத்தேன். அசலை அரங்குக்குப் பின்னால் உள்ள குப்பைத் தொட்டியில் எறிந்துவிட்டேன். கொஞ்சமும் தயங்கவில்லை. அதன் பின் கோல்பி வந்து போலியை எடுத்து, வழக்கம்போல் முகத்தில் ஒற்றிக்கொண்டு மாட்டினான். அன்று அவனுக்கு ஜலதோஷம்.

ஆட்டத்தில் அவன் கோல் விடவில்லை. கடைசிப் பகுதியில் அவன் ஸ்கேட்டின் இரும்புத் தகடு உடைந்ததால் அதை மாற்றும்வரை சில நிமிடம் என்னை இறக்கினார்கள். நானும் விடவில்லை. அதைப் பற்றிக் குறிப்பிட வேறொன்றும் இல்லை. நாங்கள் வென்றோம். என் சோதனை முழு வெற்றி.

அதன் பின் விருந்தில் நாற்காலி மேல் ஏறி உண்மையை அறிவிக்க இருந்தேன். ஏறினேன். கோல்பியின் பையை என் அப்பா தோளில் சுமந்துகொண்டு உள்ளே வருவதைப் பார்த்தேன். "கெட்சப் எங்கே?" என்று கேட்டுவிட்டு இறங்கினேன்.

இன்று இறுதி ஆட்டம். காலைப் பயிற்சிக்கு வந்த கோல்பி, ஜலதோஷம் தீர்ந்த மூக்கால் பனியனை மோந்துவிட்டு, "இது என்னுது இல்ல. இது ஒலேனா ஆன்ட்டி ஊறுகா" என்றான். என் அம்மாவின் ஊறுகாயை மோந்தே சொல்லும் அளவுக்கு அவன் தின்றிருக்கிறான். எல்லோரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். இந்த முழுப் பருவத்திலும் அணி மொத்தமும் என்னைப் பார்த்தது அப்போதுதான்.

அதன் பின் கோச் காவல் நிலையத்துக்குத் தொலைபேசினார். கான்ஸ்டபிள் வருமுன் கோல்பி என்னைத் தனியே இழுத்துப் போய், "அது வெறும் துணின்னு எனக்குத் தெரியாதாடா? தெரியும். ஆனா இன்னைக்கு அது இல்லாம கை நடுங்குது, பாரு" என்று கையை நீட்டினான். நடுங்கியது. அதைப் பார்த்து எனக்குச் சந்தோஷம் வரும் என்று நினைத்திருந்தேன். நடுங்குவதற்கு அவனுக்கு ஓர் ஆட்டம் இருக்கிறதே என்றுதான் தோன்றியது.

இந்த இடத்தில் கான்ஸ்டபிள் எழுந்து ஜன்னலைத் திறந்தார். வெளியே குளிர் பூஜ்யத்துக்குக் கீழே முப்பது. "என்ன நாத்தம் இது?" என்றார். அம்மா, "நீ குளிச்சியாடா?" என்றார்.

அதன் பின் கான்ஸ்டபிள் என் எதிரில் உட்கார்ந்து, "தம்பி, இந்த வாரம் குப்பை லாரியே வரல. தொட்டிய நானும் கோச்சும் தலைகீழாக் கவுத்துப் பாத்துட்டோம். பனியன் இல்ல. எங்க?" என்றார்.

மேலே "எறிந்துவிட்டேன்" என்று எழுதியதைத் திருத்துகிறேன். எறியப் போனேன். தொட்டி மூடியையும் திறந்தேன். அதன் பின் யாரும் பார்க்கவில்லை என்று உறுதி செய்துகொண்டு, அதை என் சட்டைக்குள் போட்டுக்கொண்டேன். சும்மா. அது வெறும் துணி என்பதால் போட்டுக்கொண்டாலும் ஒன்றும் ஆகாது என்று நினைத்தேன்.

ஆகிவிட்டது. கோல்பியின் தகடு உடைந்தது. கோச் "ஸ்டெஃபியுக்!" என்று கத்தியபோது வேறு ஸ்டெஃபியுக் இருக்கிறானா என்று திரும்பிப் பார்த்தேன். அது கடைசிப் பகுதி, எங்கள் கோல் கிழக்குப் பக்கம். போய் நின்றேன். வட்டு வந்து என் முழங்காலில் பட்டு விலகியதும் முதுகுக்குப் பின்னால் கண்ணாடித் தடுப்பை யாரோ இரண்டு முறை தட்டினார்கள். திரும்பினேன். என் அப்பா. வாய் நிறைய சூரியகாந்தி விதை. மறுபடி தட்டினார்.

உலோகம் தேய்ந்தால் உடையும் என்பது எனக்குத் தெரியும். ஆனாலும் செவ்வாய்க்கிழமை முதல் நான் அதைக் கழற்றவில்லை. இப்போதும் போட்டிருக்கிறேன்.

கான்ஸ்டபிள் வெகுநேரம் தாடியைச் சொறிந்தார். அதன் பின், "அப்போ அன்னைக்குப் பனியன் அரங்கத்துக்குள்ளதானடா இருந்திருக்கு? நீ என்னத்த நிரூபிச்ச?" என்றார். அம்மா டப்பாவைத் திறந்து ஒரு பெரோகியை எடுத்து என் கையில் வைத்தார். கோல்பிக்குப் பத்துதான் மிச்சம் என்றேன். "தின்னுடா" என்றார்.

மேற்படி பனியனைக் கழற்றி மேசை மேல் வைத்துவிட்டேன். கான்ஸ்டபிள் அதைத் துவைக்காமல் கோல்பியிடம் சேர்ப்பதாக வாக்களித்தார். இதில் உள்ளவை, திருத்திய வரி நீங்கலாக, நானே என் கையால் அம்மா முன்னிலையில் எழுதிய உண்மைகள்.

ஒரு வேண்டுகோள். இவை எல்லாவற்றையும் என் அப்பாவிடம் சொல்லுங்கள், பரவாயில்லை. ஆனால் இருக்கையை மட்டும் இன்று மாற்றிவிட வேண்டாம் என்று சொல்லுங்கள். மாற்றினால் ஒன்றும் ஆகாது என்று எனக்குத் தெரியும். ஆனால் எதற்கு வம்பு.

(ஒப்பம்)
நோலன் ஸ்டெஃபியுக்
மாற்று கோல்கீப்பர்