ஒத்திவைக்க முடியாத ஒரு பொருள்

இந்த மாபெரும் கூட்டத்துக்குத் தலைமை ஏற்றிருக்கும், ரிப்பனை வெட்டிவிட்டு முதல் ஆளாக உள்ளே போயிருப்பதால் இப்போதைக்கு நாற்காலியை மட்டும் நமக்குக் காட்டிக்கொண்டிருக்கும், என் உயிருக்கு உயிரான மீன்கார அக்கா அவர்களே! வரிசையில் அடுத்த ஆளாக அந்தக் கதவுக்கு வெளியே நின்றுகொண்டிருக்கும் நகர்மன்றத் தலைவர் அம்மா அவர்களே! இரண்டு பெண்களும் எழுந்து போய்விட்டதால் மேடையில் தனியாக மாட்டிக்கொண்டு முகம் துடைத்துக்கொண்டிருக்கும் பணிக்குழுத் தலைவர் ஐயா அவர்களே! எதிரே அமர்ந்திருக்கும் ஆன்றோர்களே, அனுபவத்தில் மூத்த பெரியோர்களே, தராசைப் பக்கத்துக் கடையில் ஒப்படைத்துவிட்டு ஓடி வந்திருக்கும் தாய்மார்களே, தாய்மார்களைக் கூட்டிப்போக வந்து திரும்ப வழியில்லாமல் உட்கார்ந்துவிட்ட கணவன்மார்களே! உங்கள் எல்லோருக்கும் இந்த வெங்காயக் கடைக்காரியின் வணக்கம். என் எதிரில் கண்ணைத் துடைப்பது உங்களுக்குப் பழக்கம்தான். இன்று வெங்காயம் கொண்டுவரவில்லை, பயப்படாதீர்கள்.

பேசுவதற்கு முன்னால் ஒரு வெட்கக்கேட்டைச் சொல்லிவிடுகிறேன். இந்தப் பேச்சை நான் எங்கள் வீட்டுக் குளியலறைக்குள் நின்றுதான் ஒத்திகை பார்த்தேன். வேறு என்ன செய்ய? எங்கள் வீட்டில் உள்ளே தாழ்ப்பாள் இருக்கும் ஒரே இடம் அதுதான். வாளியை மேசையாக்கி, சோப்புப் பெட்டியை ஒலிபெருக்கியாக்கி, "தாய்மார்களே!" என்று முழங்கினேன். வெளியே கதவைத் தட்டினார் என் மாமியார். "உள்ள யாருடி கூட்டம் போட்டிருக்கா?" என்றார். "பேசிப் பாக்கறேன் அத்தை" என்றேன். "நல்லா பேசு. ஆனா அடுத்த பேச்சாளர் வெளிய ரொம்ப நேரமா காத்திருக்காங்கன்னு தெரிஞ்சுக்கோ" என்றார்.

சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். அதே கதவுதான் இன்றைய கூட்டத்தின் கரு.

பெரியோர்களே! விடியும் முன்னே வருகிறோம், விளக்கு வைத்த பின்னே போகிறோம். இந்தச் சந்தையில் மூட்டை இறக்க இடம் இருந்தது, வண்டி நிறுத்த இடம் இருந்தது, அழுகின தக்காளியைக் கொட்டக்கூட ஓர் இடம் இருந்தது. ஒரு பெண் ஒதுங்க இடம் இருந்ததா? ஆண்களுக்கு ஊர் முழுக்கச் சுவர். எங்களுக்கு? என்ன செய்தோம் தெரியுமா? தண்ணீர் குடிக்கவில்லை. வெயில் வாட்டியது, குடிக்கவில்லை. விலை கூவிக் கூவித் தொண்டை வறண்டது, குடிக்கவில்லை. பக்கத்தில் குடம் குளிர்ந்து நின்றது. அந்தப் பக்கம் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

எல்லோரிலும் கொடுமை மீன்கார அக்காவின் கொடுமை. காலடியில் தண்ணீர், கையில் தண்ணீர், கரைகிற பனிக்கட்டியில் தண்ணீர். அவர் விற்கிற மீனுக்குக்கூடக் குளியல் உண்டு. குடிக்க மட்டும் ஒரு மடக்கு இல்லை. ஒருநாள் கத்தியைக் கீழே வைத்துவிட்டு, இடுப்பைப் பிடித்துக்கொண்டு அப்படியே சரிந்துவிட்டார். நான்தான் ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு போனேன்.

டாக்டர் கேட்டார்: "ஒரு நாளைக்கு எவ்வளவு தண்ணி குடிக்கிறீங்க?"

அக்கா வலியோடு கேட்டார்: "என் மேல தெறிக்கிறதையும் சேத்தா டாக்டர்?"

டாக்டர் சிரிக்கவில்லை. "ரெண்டு பக்கமும் கல்லு இருக்கும்மா. இனிமே மணிக்கொரு தரம் தண்ணி குடிக்கணும். முடியலைன்னா கடைய விட்டுடுங்க. ரெண்டுல ஒண்ணு" என்று சொல்லிவிட்டார். கடையை விட்டால் அக்கா வீட்டில் அடுப்பு எரியாது. கணவர் போய்ச் சேர்ந்துவிட்டார், இரண்டு பெண்கள் படிக்கிறார்கள். கடையா, உயிரா? இதுதான் அவர் முன்னால் நின்ற கேள்வி.

வெளியே வந்ததும் என்னைப் பார்த்துக் கேட்டார்: "குடிச்சிடலாம்டி. குடிச்சா எங்க போறது?"

பதில் நம் சந்தைக்கு எதிரிலேயே நின்றுகொண்டிருந்தது. நகர்மன்றக் கட்டடம்! மாடியில், பார்வையாளர் மாடத்துக்குப் பக்கத்தில், பெண்களுக்கென்று பளிங்குபோல் ஒரு கழிப்பறை. மறுநாள் அக்கா வயிறு நிறையத் தண்ணீர் குடித்துவிட்டு என்னை இழுத்துக்கொண்டு வாசலுக்குப் போனார். வாயிற்காவலர் அண்ணன் மறித்தார். அதோ, தூண் பக்கத்தில் நின்று எனக்கு ஏதோ சைகை காட்டுகிறாரே, அவரேதான்.

"எங்கம்மா போறீங்க? கூட்டம் பாக்க வர்றவங்களத்தான் இப்ப உள்ள விடலாம்."

அக்கா கண்ணிமைக்காமல் சொன்னார்: "கூட்டம் பாக்கத்தான் வந்தோம்."

அண்ணன் ஆடிப்போய்விட்டார். "கூட்டமா? உறுப்பினர்களே பாதிப்பேர் வர்றதில்லையேம்மா!"

ஏதாவது ஒரு குழுவின் கூட்டம் தினமும் அங்கே நடக்கும். அடுத்த நாளும் போனோம், அடுத்த வாரமும் போனோம். பூக்காரி வந்தாள், கீரைக்காரி வந்தாள், பூட்டு சாவி விற்கிற சித்தி வந்தார். முறை வைத்து வந்தோம், ஒருத்தி கடையை ஒருத்தி பார்த்துக்கொண்டாள். அண்ணனுக்கு முதல் நாளே விஷயம் புரிந்துவிட்டது. ஆனால் அதன்பிறகு ஒருநாளும் மறிக்கவில்லை. ஏன் என்று ஒருமுறை கேட்டேன். "பொதுமக்கள் கூட்டத்தைப் பாக்கலாம்னு விதி இருக்கு. பாக்க வந்தவங்க நடுவுல எழுந்து எங்க போறாங்கன்னு கேக்கச் சொல்லி எந்த விதியும் இல்லையேம்மா" என்றார். அம்மாடி! சட்டத்தைப் படித்தவர்கள் பலர். சட்டத்துக்குள் இருக்கும் ஈரத்தைத் தொட்டுப் பார்த்தவர் இவர். கை தட்டுங்கள் அண்ணனுக்கு!

என்ன அண்ணே? இன்னும் கொஞ்சம் நீட்டிப் பேசணுமா? பேசினால் போச்சு. நிறுத்தச் சொன்னால்தான் எனக்குக் கஷ்டம்.

எங்கே விட்டேன்? மாடத்தில். கழிப்பறை ஒன்று, நாங்களோ ஒரு படை. முறை வரும்வரை மாடத்து நாற்காலியில் உட்காருவோம். உட்கார்ந்தால் காது சும்மா இருக்குமா? முதல் நாள் தூங்கினோம். அடுத்தடுத்த நாள்களில் கேட்டோம். கேட்கக் கேட்கப் புரிந்தது. புரியப் புரியக் கோபமும் வந்தது, சிரிப்பும் வந்தது. "முன்மொழிகிறேன்", "வழிமொழிகிறேன்" என்ற சொற்கள் சந்தைக்குள் இறங்கிவிட்டன. "இன்னிக்கு டீச் செலவு உன்னோடதுன்னு முன்மொழியறேன்டி" என்பாள் பூக்காரி. "வழிமொழிய இங்க ஆளில்ல போடி" என்பாள் கீரைக்காரி.

கீழேயும் ஒரு மாற்றம். மேலே கண்கள் இருக்கின்றன என்று தெரிந்ததும் உறுப்பினர்கள் சட்டை தேய்த்துப் போட்டுக்கொண்டு வந்தார்கள். கொட்டாவியைக் கை மறைத்தது. கேள்விக்குப் பதில் வந்தது. நாங்கள் வாயே திறக்கவில்லை ஐயா, சும்மா பார்த்தோம்! பார்ப்பதற்கு இத்தனை பலமா என்று நாங்களே வியந்தோம்.

அப்போதுதான் அது எங்கள் காதில் விழுந்தது. ஒவ்வொரு கூட்டத்தின் கடைசியிலும், எல்லோரும் எழுந்திருக்கும் நேரத்தில், "சந்தை இதர பணிகள்" என்று ஒரு பொருளை வாசிப்பார்கள். நம் பணிக்குழுத் தலைவர் ஐயா பாதி எழுந்த நிலையிலேயே, "ஒத்திவைக்கலாம்" என்பார். முடிந்தது. அடுத்த கூட்டத்தில் மறுபடி வாசிப்பு, மறுபடி ஒத்திவைப்பு. நாங்கள் அவருக்கு ஒத்திவைப்பு ஐயா என்றே பேர் வைத்துவிட்டோம். முறைக்காதீர்கள் ஐயா, இனிமேல்தான் உங்களைப் புகழப் போகிறேன். அந்த 'இதர'வுக்குள் என்ன இருக்கிறது என்று காவலர் அண்ணனிடம் விசாரித்தேன். விசாரித்துச் சொன்னார்: "அதுக்குள்ளதாம்மா நீங்க எப்பவோ எழுதிக் கொடுத்த கழிப்பறை தூங்குது."

கேட்டீர்களா தாய்மார்களே! எங்கள் தாகம், எங்கள் தவிப்பு, அக்காவின் இடுப்பு வலி, அத்தனைக்கும் காகிதத்தில் பேர் 'இதர'! கத்தலாம் என்றால் மாடத்தில் 'அமைதி காக்கவும்' என்று பலகை. "கத்தினா வெளிய அனுப்பிடுவாங்க, அப்புறம் இருக்கறதும் போயிடும். வாய மூடு, வர்றத விடாதே" என்றார் அக்கா. விடவில்லை. வந்துகொண்டே இருந்தோம்.

ஒருநாள் வரவு செலவுக் கூட்டம். காலையில் தொடங்கி இழுத்துக்கொண்டே போனது. உள்ளே சுற்றிச் சுற்றித் தேநீர் போனது. இடைவேளை விட்டதும் தலைவர் அம்மா வேகவேகமாக மாடியேறி வந்தார். வந்தால், கழிப்பறைக் கதவிலிருந்து படிக்கட்டு வரைக்கும் சந்தையே வரிசையில் நிற்கிறது! நாங்கள் பதறி ஒதுங்கினோம். "நீங்க முன்னால போங்கம்மா" என்றார் அக்கா.

ஊரையே ஆளும் அந்த அம்மா என்ன செய்தார் தெரியுமா? "வரிசைன்னா வரிசைதான்" என்று சொல்லிவிட்டு, மீன் வாடை வீசும் அக்காவின் முதுகுக்குப் பின்னால் வந்து நின்றார். நான் எத்தனையோ பேர் நாற்காலியில் உட்கார்வதைப் பார்த்திருக்கிறேன். பதவி எழுந்து வரிசையில் நின்றதை அன்றுதான் பார்த்தேன்!

"நீங்கள்லாம் தினமும் கூட்டம் பாக்க வர்றீங்களே, ரொம்ப சந்தோஷம்" என்றார் தலைவர் அம்மா.

அக்காவுக்குப் பொய் சொல்லத் தெரியாது. "கூட்டத்துக்கு இல்லம்மா. இதுக்குத்தான்" என்று கதவைக் காட்டினார். "கடையில இடமில்ல. தண்ணி குடிக்கலைன்னா டாக்டர் கடைய விடச் சொல்றாரு. குடிச்சா இங்கதான் வந்தாகணும்."

"சந்தையில கட்டித் தரச் சொல்லி ஏன் கேக்கல?"

"எழுதிக் கொடுத்தோமே. அத உங்க சபையில கூட்டத்துக்குக் கூட்டம் ஒத்திவைக்கிறாங்களே, நீங்கதானம்மா நடுவுல உக்காந்திருந்தீங்க?"

தலைவர் அம்மாவின் முகம் சிவந்தது. சினத்தால் சிவக்கவில்லை. வரிசையைக் கடைசிவரை ஒருமுறை பார்த்தார். பிறகு, "அந்தப் பொருள இன்னிக்கு நான் முதல்ல எடுக்கறேன். நீங்க மேல உக்காந்து பாருங்க" என்றார்.

எடுத்தார். வரிசையில் கேட்டதை ஒரு வார்த்தை விடாமல் சபையில் சொன்னார். ஆணையிட்டிருக்கலாம். ஆனால் முறைப்படி கேட்டார்: "முன்மொழிபவர் யார்?" ஒத்திவைப்பு ஐயா மெல்ல எழுந்தார். மாடத்தில் நாங்கள் அத்தனை பேரும் அந்த ஒற்றைச் சொல்லுக்காகப் பல்லைக் கடித்துக் காத்திருந்தோம். அக்கா கண்ணை மூடிக்கொண்டார்.

ஐயா சொன்னார்: "தலைவர் அவர்களே! இடைவேளையில என்னை நாலு பேர் பிடிச்சுக்கிட்டாங்க. வெளிய போகவே விடல. மூணு டீ குடிச்சிருக்கேன். இந்த ஒரு மணி நேரத்துலயே எனக்குக் கண்ணு இருட்டுது. மேல உக்காந்திருக்கறவங்க எத்தனை வருஷமா இப்படி இருக்காங்களோ! இது ஒத்திவைக்கற பொருளே இல்ல. நான் முன்மொழிகிறேன். யாராவது சீக்கிரம் வழிமொழிங்க, நான் போகணும்!"

அவை முழுக்க வழிமொழிந்தது! நாங்கள் எழுந்து கை தட்டினோம். காவலர் அண்ணன் அமைதிப் பலகையைக் காட்டிக்கொண்டே தானும் தட்டினார். ஐயா மட்டும் எதையும் பார்க்கவில்லை, ஓடிவிட்டார். ஐயா, மனம் மாறுகிறவரைக் கேலி செய்வது எளிது, மனம் மாறுவது கடினம். அதை எல்லார் முன்னிலும் எழுந்து நின்று செய்தீர்கள். உங்களைக் கையெடுத்துக் கும்பிடுகிறேன்.

தச்சர் தம்பி! கூட்டத்தில் இருக்கிறீர்களா? அண்ணன் உங்களைக் கூப்பிடுகிறார். பையோடு வரச் சொல்கிறார். வழி விடுங்கள் அவருக்கு.

பெரியோர்களே! அரசியல் என்றால் ஒலிபெருக்கி, ஊர்வலம், ஓட்டுப் போட்ட விரல் மை, இவ்வளவுதான் என்று நினைத்திருந்தேன். மை அழிந்ததும் நம் வேலை முடிந்தது என்று நினைத்திருந்தேன். அந்த மாடத்தை யார் கட்டினார்களோ, நம்மை நினைத்தல்லவா கட்டினார்கள்! நாம் வருவோம் என்று நாற்காலி போட்டுவிட்டு எத்தனை ஆண்டுகள் காத்திருந்தார்கள்! கதவு திறந்திருந்தது, நாம் நுழையவில்லை. காது இருந்தது, நாம் கேட்கவில்லை. அவசரத்துக்கு நுழைந்தோம், அரசாங்கத்தைக் கண்டோம். கண்டதும் தெரிந்தது, அது நம்முடையது!

கழிப்பறை வந்துவிட்டது, இனி எதற்கு மாடம் என்று நேற்று அக்காவிடம் கேட்டேன். "போடி பைத்தியக்காரி! இத்தனை நாள் பாதிக் கூட்டம்தான கேட்டேன். இனிமே எழுந்து போகாம முழுசாக் கேக்கலாம்ல?" என்றார். தாய்மார்களே, கேட்டீர்களா? நாளை மறுநாள் கூட்டம். முதல் பொருள் தெருவிளக்கு. மாடத்தில் ஒரு நாற்காலிகூடக் காலியாக இருக்கக் கூடாது. வருவீர்களா? சத்தம் போதாது, வருவீர்களா? அப்படிச் சொல்லுங்கள்!

கடைசியாக, கட்டிக் கொடுத்த பொறியாளர் பெண்ணுக்கு நன்றி. என் வெங்காய மூட்டை மேல் உட்கார்ந்து, என்னென்ன வேண்டும் என்று எங்களையே கேட்டாள். அக்கா குழாயும் காசுப்பை மாட்டக் கொக்கியும் கேட்டார். பூக்காரி விளக்குக் கேட்டாள். நான் தாழ்ப்பாள் கேட்டேன். நானே இரும்புக் கடைக்குப் போய்ப் பொறுக்கி எடுத்தேன். "அத்தை, இது கிடங்குக்குப் போடறது" என்றாள் அந்தப் பெண். "போடும்மா. யானை வந்து தள்ளினாலும் திறக்கக் கூடாது" என்றேன். போட்டாள்.

பொறுமையாகக் கேட்ட காதுகளுக்கும், நின்றே கேட்ட கால்களுக்கும், இவ்வளவு நேரம் ஒலிபெருக்கியைப் பிடுங்காத பெரிய மனசுகளுக்கும் என் நன்றியும் வணக்கமும். இப்போது ஓர் அறிவிப்பு. தாழ்ப்பாள் திறக்கவில்லை. அக்கா உள்ளே நலமாக இருக்கிறார். தலைவர் அம்மா வரிசையை விடாமல் வெளியே நிற்கிறார். தச்சர் வேலையைத் தொடங்கிவிட்டார். அக்கா குடிக்கத் தண்ணீர் கேட்டார், ஜன்னல் வழியாக ஒரு செம்பு கொடுக்கப்பட்டது. முழுவதும் குடித்துவிட்டு, இன்னொரு செம்பு கேட்டிருக்கிறார்.