பூட்டிய வேனைத் திறந்துவைத்த தலைமை எழுத்தர் அம்மையாருக்கு

கறாரும் கனிவும் ஒரே நாற்காலியில் அமரலாம் என்று முப்பத்து நான்கு ஆண்டுகள் காட்டி வந்த எங்கள் தலைமை எழுத்தர் அம்மையீர்! ஒவ்வொரு கோப்புக்குப் பின்னாலும் ஒரு குடும்பம் காத்து நிற்பதை ஒருநாளும் மறவாத பெருந்தகையே! வணக்கம்.

தங்கள் நற்குணங்களையெல்லாம் எழுதினால், இந்த மடலுக்குச் சட்டம் போடுபவர் சுவரளவு கண்ணாடி கேட்பார். ஆகவே தாங்கள் பணி ஓய்வு பெறும் இந்நாளில் ஒரே ஒரு வேனின் கதையைச் சொல்லி நிறைவடைகிறோம்.

நடக்க இயலாத ஆறு பிள்ளைகளைச் சக்கர நாற்காலிகளோடு பள்ளிக்கு ஏற்றிச் செல்லும் வேன் அது. விடுமுறை நாளில் அதை இரவல் வாங்கிய ஒருவன் கள்ளச்சாராயம் கடத்திப் பிடிபட, வேனும் பறிமுதலானது. வேன்காரர் நம் நீதிமன்ற அலுவலகத்துக்கு வந்தபோது பொதுத்தேர்வுக்கு நான்கே நாள்கள். வேன் கிடைக்காவிட்டால் ஆறு பேருக்கும் ஓராண்டு பாழ்.

வழக்கு முடியும்வரை வேனைத் தம்மிடம் விடும்படி அவர் கொண்டுவந்த இடைக்கால விடுவிப்பு மனுவைப் புரட்டிய நம் இளநிலை எழுத்தர், "அசல் ஆர்.சி. புக் எங்கண்ணா?" என்றார்.

"வேனுக்குள்ளதாங்க இருக்கு. டேஷ்போர்டு பெட்டியில."

"அது இல்லாம மனுவை ஏத்து நம்பர் போட முடியாதே."

வேன்காரர் காவல் நிலையத்துக்கு ஓடினார். "கோர்ட்டு உத்தரவு இல்லாம கதவைத் தொடவே கூடாது" என்றார் காவலர். திரும்பவும் இங்கே ஓடிவந்தார். இப்படி மூன்று நடை. ஆளுக்கொரு விதியை இறுகப் பிடித்துக்கொண்டு நின்றோமே தவிர, நடுவில் ஓடிய மனிதரை நாங்கள் யாரும் பார்க்கவில்லை. தாங்கள் பார்த்தீர்கள்.

"சாவியை உள்ள வெச்சுப் பெட்டியைப் பூட்டின மாதிரி ஆயிடுச்சும்மா என் பொழப்பு" என்று அவர் தலையில் கைவைத்தார்.

"தலையில இருக்கற கையை எடுங்க தம்பி. அந்தக் கையால ரெண்டு வரி எழுதணும்" என்றீர்கள்.

பெட்டியைத் திறந்து ஆவணங்களை எடுக்க மட்டும் அனுமதி கேட்கும் ஒரு சின்ன மனு. அன்று பிற்பகலே, தங்கள் முன்னிலையில் திறக்கும்படி நீதிபதி உத்தரவிட்டார்.

காவலர் வேன் கதவைத் திறந்தார், பெட்டி திறக்கவில்லை. இழுத்தார், தட்டினார், திட்டினார். வண்டியைத் தொட அனுமதியில்லாத வேன்காரர் நாலடி தள்ளி நின்று கையைப் பிசைந்தார். "அதுக்கு ஒரு வழி இருக்குங்க சார். கீழேருந்து முட்டியால ஒரு இடி இடிக்கணும்."

"என் முட்டி ஏற்கெனவே ஆபரேஷன் ஆனதுப்பா" என்று காவலர் பின்வாங்கினார்.

கஞ்சி போட்ட புடவையை அள்ளிப் பிடித்துக்கொண்டு தாங்களே ஏறினீர்கள். ஒரே இடி! பெட்டி வாயைப் பிளந்தது. காவலரே கைதட்டினார். தாங்களோ முகத்தில் சிரிப்பின்றிப் பட்டியல் எழுதினீர்கள்: ஆர்.சி. புக் ஒன்று, காப்பீட்டுச் சான்று ஒன்று, பேனா நான்கு, பாதி தின்ற பிஸ்கட் பொட்டலம் ஒன்று.

மறுநாள் விடுவிப்பு மனு நம்பரானது. அதற்கடுத்த நாள் உத்தரவும் வந்தது. பிணைப் பத்திரத்தில் கையெழுத்திட்ட வேன்காரர் தங்கள் காலில் விழக் குனிந்தபோது, "எந்திரிங்க தம்பி, போய் டயர்ல காத்து இருக்கான்னு பாருங்க" என்று விரட்டினீர்கள். தேர்வன்று காலை எட்டரை மணிக்கு, ஆறு சக்கர நாற்காலிகளும் தேர்வுக்கூட வாசலில் இறங்கின!

தாங்கள் எழுதித் தந்த குறிப்பை நீதிபதி ஏற்றதால், பறிமுதலான வண்டிக்குள் இருக்கும் ஆவணங்கள் இன்று காவல்துறையின் பறிமுதல் அறிக்கையோடு சேர்ந்தே நீதிமன்றத்துக்கு வந்துவிடுகின்றன. விதியை வளைக்காமலே இரக்கத்துக்கு வழிவிட முடியும் என்பதைத் தங்களிடமே கற்றோம்.

தேர்வு முடிவு வந்த அன்று, "ஆறு பேரும் பாஸும்மா!" என்று வேன்காரர் வாசலிலிருந்தே கூவினார். உள்ளே விசாரணை நடந்துகொண்டிருந்தது. முப்பத்து நான்கு ஆண்டுகளில் அன்று ஒருநாள்தான், தாங்கள் யாரையும் "சத்தம் போடாதீங்க" என்று அதட்டவில்லை.

சிறு அன்பையும் கணக்கில் வைக்கும் இறைவன், நோயற்ற உடலும் நிறைந்த மனமும் நீண்ட வாழ்வும் தங்களுக்கு அருள்வானாக!

என்றென்றும் அன்புடன்,
தங்கள் மேசையைச் சுற்றி வளர்ந்த நீதிமன்றப் பணியாளர்கள்