நூறாண்டு வெள்ளமும் ஒற்றைப் படிக்கட்டும்

மேடையின் நடுவே வீற்றிருக்கும் எங்கள் வணிக வளாகச் சங்கத் தலைவர் அவர்களே! கல்லாவை மூடிவிட்டுக் காது கொடுக்க வந்திருக்கும் கடை முதலாளிகளே! தையல் எந்திரத்தை நிறுத்திவிட்டு வந்த தாய்மார்களே! கடைசி வரிசையில் நிற்கும் சுமை தூக்கும் தோழர்களே! கீழ்த்தளத்தில் பொத்தானும் ஜிப்பும் விற்கும் இச்சிறியவனின் வணக்கம்.

நிலத்தடியில் இருக்கும் அந்தக் கீழ்த்தளத்தை மறுபடியும் திறக்கும் விழாவில் வாழ்த்திப் பேச அழைத்தீர்கள். வாழ்த்த வாய் வரவில்லை. பயமாக இருக்கிறது. ஆம், நரை விழுந்த இந்த வயதில், நாலு பேர் பார்க்கச் சொல்கிறேன், பயமாக இருக்கிறது!

போன மழைக்குத் தண்ணீர் புகுந்தது. பார்வையிட்ட பொறியாளர், "இது நூறு வருஷத்துக்கு ஒரு தடவை வர்ற வெள்ளம்" என்றார். உடனே நம் முகமெல்லாம் மலர்ந்தது. வந்தது போயிற்று, இனிப் பேரன் காலத்தில்தான் என்று பெயின்ட் அடித்தோம், பலகை மாட்டினோம். வெள்ளம் என்ன, தவணை தவறாமல் வரும் விருந்தாளியா? பகடையில் ஒருமுறை ஆறு விழுந்தால், அடுத்த உருட்டலில் ஆறு விடுப்பு எடுத்துக்கொள்ளுமா? பொறியாளரையே போய்க் கேட்டேன். ஒவ்வோர் ஆண்டும் நூற்றில் ஒரு பங்கு வாய்ப்பு என்பதுதான் அதன் பொருளாம். இந்த ஆண்டும் அதே வாய்ப்பு, அடுத்த ஆண்டும் அதே வாய்ப்பு. முப்பது ஆண்டு கடை நடத்தினால், நாலில் ஒரு பங்குக்கும் மேலே! அரிது என்றால் இல்லை என்று யார் நமக்குச் சொன்னது?

என்ன சொல்கிறீர்கள், இரண்டாம் வரிசையில்? காப்பீடுதான் இருக்கிறதே என்கிறீர்களா? முகவர் தம்பி, உட்காருங்கள், உங்கள் பிழைப்பில் மண் போட வரவில்லை. நனைந்த சரக்குக்குக் காப்பீடு ஈடு தரும். நல்லது, எடுங்கள். ஆனால் காப்பீடு வேறு, காப்பு வேறு ஐயா! ஈட்டுத்தொகை பிறகு வரும். தண்ணீர் முன்னால் வரும்.

தண்ணீர் புகுந்த அன்று என் தம்பி மனைவி நூல்கண்டுகளை மேல் தட்டுக்கு ஏற்றிக்கொண்டிருந்தாள். மின்சாரம் போயிற்று. இருப்பதோ ஒரே படிக்கட்டு. அடியில் ஒரே கதவு, படிக்கட்டுப் பக்கமாகத் திறப்பது. படிக்கட்டிலோ தண்ணீர்! அவள் உள்ளிருந்து தள்ளுகிறாள், வெள்ளம் வெளியிலிருந்து தள்ளுகிறது. கழுத்தளவு நீரில் நின்று நாங்கள் கடப்பாரையால் கீலைப் பெயர்க்கிறோம். கதவுக்குப் பின்னாலிருந்து அவள் குரல் கேட்டது.

"மாமா, இருட்டுல ஒண்ணும் தெரியல. தண்ணி நெஞ்சுக்கு வந்துடுச்சு. சீக்கிரம்."

தலைக்கு மேல் வெள்ளம் போனால் சாண் என்ன, முழம் என்ன என்பார்கள். அதைச் சொன்னவன் கரையில் நின்றிருப்பான்! கதவுக்குப் பின்னால் நிற்பவளுக்கு ஒவ்வொரு சாணும் உயிர். கீல் பெயர்ந்தது, பிழைத்தாள். அந்தக் குரல் மட்டும் இன்னும் என் காதை விட்டுப் போகவில்லை.

இரண்டாவது படிக்கட்டு கேட்டேன். தலைவர் அவர்கள், செலவு கட்டாது என்றார்கள். செலவு எது, இழப்பு எது? படிக்கட்டுக்குக் கொடுப்பது செலவு. அதைக் கடன் வாங்கியாவது அடைக்கலாம். உள்ளே ஒருத்தி மாட்டிக்கொண்டால் அது இழப்பு. அதை எந்த வியாபாரத்தில் அடைப்பீர்கள்? சொல்லுங்கள், எந்த வியாபாரத்தில்?

பிழைத்து வந்தவள் கையாலேயே ரிப்பனை வெட்ட வைப்பது பெருமை என்று கத்தரிக்கோலை அவளிடம் கொடுத்திருக்கிறீர்கள். காலையில் அவளும், "நூறு வருஷத்துக்கு ஒரு தடவைதானே மாமா" என்று என்னையே தேற்றினாள். அதுதான் என்னை நடுங்க வைக்கிறது. நாளைக்கு அதே கதவுக்குப் பின்னால் உட்காரப் போகிறவள் அவள்.

ஏம்மா, எங்கே எழுந்து வருகிறாய்? ரிப்பன் அந்தப் பக்கம் இருக்கிறது. கொஞ்சம் வழி விடுங்கள் ஐயா, மேடைக்கு வருகிறாள்.

தலைவர் அவர்களே, ரிப்பனை வெட்டாமலே கத்தரிக்கோலைத் தங்கள் மேசைமேல் வைத்துவிட்டாள். நான் இவ்வளவு நேரம் பேசியதை அவள் பேசாமலே சொல்லிவிட்டாள். பொறுத்துக் கேட்ட உங்கள் அனைவருக்கும் நன்றி. படிக்கட்டு கட்டிய பிறகு வாழ்த்த வருகிறேன். வணக்கம்.